நான்காவது எபிசோடுக்கு என் குறிப்புகள்

கண்ணு,

போன மாதம் நம் அபார்ட்மென்ட் வாசலில் வரிசையாக இருக்கும் தபால் பெட்டிகளைப் படமெடுத்து அனுப்பச் சொன்னாய். பிறகு மாடிப்படியின் கம்பளத்தை. பிறகு பால்கனிக் கதவில் தொங்கும் நீளப்பட்டைத் திரையை, முழுக்க மூடி ஒன்று, பாதி திறந்து ஒன்று. சமையல் மேடையின் உயரத்தை அளந்து சொல்லச் சொன்னாய். டேப்பை எடுத்து அளந்தேன். எதற்கென்று கேட்கவில்லை. லண்டனுக்கு வெளியே ஒரு பெரிய ஸ்டுடியோவுக்குள் உன் புது டிவி தொடருக்காக உன் ஆட்கள் நம் ஊர் பிளெய்ன்ஸ்பரோவைக் கட்டிக்கொண்டிருக்கிறார்கள் என்று பிறகு நீயே சொன்னாய். நம் சமையலறையை ஆங்கிலேயத் தச்சர்கள் மரத்திலும் அட்டையிலும் செய்கிறார்கள். குழாய் மட்டும் வேலை செய்யுமாம். அலுவலகம் போகும் வழியெல்லாம் அதை நினைத்துச் சிரித்தேன்.

அதன் பின் நான்காவது எபிசோடின் திரைக்கதை வந்தது.

அன்று செவ்வாய்க்கிழமை. நீ ஞாயிறன்றுதான் அழைப்பாய். செவ்வாயில் அழைத்ததால் உடம்புக்கு ஏதோ என்று பயந்தேன். "அம்மா, ப்ளீஸ் ரீட் இட் ஸ்லோலி. நீங்க நோ சொன்னா ஐ வில் டேக் இட் அவுட்," என்றாய். எடுத்துவிட்டால் மிச்சத் தொடர் தன் காலில் நிற்குமா என்று கேட்டேன். கொஞ்சம் பொறுத்து, "நிக்கும்," என்றாய். உனக்கு ஆங்கிலத்தில் நன்றாகப் பொய் சொல்ல வரும். தமிழில் வராது. நிற்காது என்று எனக்குப் புரிந்துவிட்டது.

பொங்கலுக்குப் பிறகு ரீட்-த்ரூ என்றாய். நடிகர்கள் எல்லோரும் ஒரு நீள மேசையைச் சுற்றி உட்கார்ந்து முதல் வரியிலிருந்து கடைசி வரி வரை உரக்கப் படிப்பார்கள். நீ ஓரமாக உட்கார்ந்து கேட்பாய். ஒருமுறை குரல் ஏறிவிட்டால் அந்த வரியைத் திரும்ப வாங்குவது கஷ்டம் என்று முன்பு எப்போதோ சொல்லியிருக்கிறாய். ஆக, அதற்குள் நான் சரி சொல்ல வேண்டும், அல்லது வேண்டாம் என்று சொல்ல வேண்டும். அதற்குத்தான் இந்தக் கடிதம். தமிழில் எழுதுகிறேன். நீ தமிழை எழுத்துக் கூட்டி மெதுவாகப் படிப்பவன். மெதுவாகவே படி. வேகமாகப் படித்தால் நான் கோபமாக இருப்பதுபோலத் தோன்றும்.

விஷயத்தை முதலில் எழுதிவிடுகிறேன். உனக்குத் தெரிந்ததுதான். ஆனால் இந்தக் கடிதத்தில் அது எழுத்தில் இருக்க வேண்டும். உன் அப்பாவும் நானும் பிரிந்துவிட்டோம். நீ ஹைஸ்கூலில் இருந்தபோதே. வக்கீல் இல்லை, கோர்ட் இல்லை, பத்திரம் இல்லை. அவர் டெக்சாஸில் பிளானோ என்ற ஊரில், நான் நியூ ஜெர்சியில். "அவர் பிளானோல வேலைல இருக்காரு" என்று நான் இங்கே எல்லோரிடமும் சொல்லிவந்தேன். அதில் பொய் எதுவும் இல்லை. அவர் பிளானோவில்தான் இருந்தார். வேலையிலும் இருந்தார்.

என் வேலை உனக்குத் தெரியும். மருந்து ஆராய்ச்சி அறிக்கைகளைப் படித்து, ஒவ்வொரு வாக்கியமும் தரவோடு பொருந்துகிறதா என்று பார்ப்பது. பொருந்தாத வாக்கியத்தை நான் ஒருபோதும் விட்டதில்லை. வீட்டிலும் அப்படித்தான். நான் சொன்ன ஒவ்வொரு வாக்கியமும் தனித்தனியாக எடுத்துப் பார்த்தால் சரியாக இருக்கும். இங்கே தமிழ்ச் சங்கத்து விழாக்களுக்கு அவர் விமானம் ஏறி வருவார். ஏர்போர்ட்டில் வாடகைக் கார் எடுத்து, வீட்டுக்கு வந்து, என்னை ஏற்றிக்கொண்டு போவார். முன்வரிசையில் சேர்ந்து உட்காருவோம். சாம்பார் சாதம், தயிர் சாதம், படம். மறுநாள் போய்விடுவார். அவர் ரிட்டயர் ஆனதும் என் வாக்கியம் காலாவதியாகிவிட்டது. வேறொன்று தேடினேன். "அவருக்கு இங்கத்தக் குளிர் ஒத்துக்கறதில்லீங்க." அதுவும் உண்மை. அவருக்கு முட்டி வலி.

ஏன் பிரிந்தோம் என்று நீ கேட்டதில்லை. உன் திரைக்கதையில் ஒரு காரணம் வைத்திருக்கிறாய். அந்தக் கணவருக்கு வேறொரு பெண்ணோடு பழக்கம். தொலைக்காட்சிக்கு ஒரு காரணம் வேண்டும், தெரிகிறது. எங்களுக்கு அப்படி ஒன்றும் இல்லை. யாரும் யாரையும் ஏமாற்றவில்லை. ஒரே வீட்டில் இருந்து, மெல்லப் பேசப் பழகினோம். பிறகு பேசாமலிருக்கப் பழகினோம். அவருடைய ஆபீஸ் டெக்சாஸுக்கு மாறுகிறது என்று செய்தி வந்த சாயங்காலம் அவர் ஷூவைக்கூடக் கழற்றவில்லை. தம்பி ஸ்கூல் முடிக்கட்டும், நீயும் அவனும் இங்கேயே இருங்க என்றார். சரிங்க என்றேன். அப்போது அவர் முகத்தில் ஒரு நிம்மதி வந்தது. என் முகத்திலும் வந்திருக்க வேண்டும், ஏனென்றால் அவர் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். இருவரும் பார்த்துவிட்டோம். அவருக்குப் பெட்டி கட்டியது நான்தான். சாம்பார் பொடி, ரசப்பொடி, பருப்புப் பொடி. ஒவ்வொரு பொட்டலத்தின் மேலும் எவ்வளவு தண்ணீர், எத்தனை நிமிடம் கொதிக்க வேண்டும் என்று மாஸ்க்கிங் டேப்பில் எழுதி ஒட்டினேன். நீ மாடிப்படியில் உட்கார்ந்து ஹெட்ஃபோன் மாட்டியிருந்தாய். உனக்கு ஒன்றும் கேட்காது என்று நினைத்தேன்.

பயோமெடிக்கல் படிப்பைப் பாதியில் விட்டுவிட்டு நீ இங்கிலாந்து போகிறேன் என்றபோது அப்பா ஃபோனில் எத்தனை வருடம் என்று கேட்டார். கடைசியில் ஒரு வருடக் கோர்ஸ்தானே, போய்ட்டு வரட்டும் என்றார். ஒரு வருடம் முடிந்தது. நீ வரவில்லை. ஒரு மருத்துவமனையைப் பற்றிய தொடரில் ரன்னர் வேலை கிடைத்திருக்கிறது என்றாய். ரன்னர் என்றால் என்ன என்று கேட்டேன். டீ போடுவேன், திருத்திய பக்கங்களை எல்லோருக்கும் கொண்டுபோய்க் கொடுப்பேன், முதல் திருத்தம் நீலத் தாள், அடுத்தது ரோஸ் தாள் என்றாய். நீ சந்தோஷமாக இருந்தது குரலில் தெரிந்தது. அதைக் கேட்டு நானும் சந்தோஷப்பட்டேன். ஆனால் கோயிலில் கேட்டவர்களிடம் நான் சொன்னது வேறு. "லண்டன்ல ஒரு ஹாஸ்பிடல்ல இருக்கான்." இதிலும் பொய் இல்லை பார். படப்பிடிப்புக்குக் கட்டிய ஹாஸ்பிடல் என்று சொல்லவில்லை, அவ்வளவுதான். அந்த வருட நவராத்திரியில் பக்கத்து ஊர் எடிசனிலிருந்து ஓர் அம்மா தன் கணவரின் ஈசிஜி தாளை என் கையில் கொடுத்து, தம்பியிடம் காட்டிக் கேட்கச் சொன்னார். அதே வாரம் ஒரு டாக்டர் பெண்ணின் ஜாதகமும் வந்தது. ஜாதகத்தைத் திருப்பிவிட்டேன். ஈசிஜியை நம் டாக்டரிடம் காட்டி, எல்லாம் நன்றாக இருக்கிறது என்று சொல்லி அனுப்பினேன். இதை உன்னிடம் சொன்னபோது நீ சிரித்துச் சிரித்து இருமினாய். சில வருடம் கழித்து அந்த ஈசிஜி நீ எழுதிய ஓர் எபிசோடில் வந்தது. அந்த அம்மாவை வேல்ஸ்காரியாக்கியிருந்தாய்.

டீ போட்டவன் திரைக்கதை படிப்பவனானாய். படிப்பவன் ஸ்கிரிப்ட் எடிட்டர் ஆனாய். மற்றவர்கள் எழுதியதைப் படித்துக் குறிப்புக் கொடுக்கும் வேலை. நான் அறிக்கைகளுக்குச் செய்வதைத்தான் நீ கதைகளுக்குச் செய்கிறாய் என்று எனக்கு ஒரு பெருமை. குறிப்பு எப்படிக் கொடுப்பாய் என்று கேட்டேன். தப்பு என்று எழுத்தாளரிடம் சொல்லக்கூடாது, ஒரு கேள்வி கேட்க வேண்டும் என்றாய். "இவ ஏன் இங்க அழறா?" என்று கேட்டால் போதும். அவர்களே அழுகையை எடுத்துவிடுவார்கள். பிறகு உனக்கே சில எபிசோடுகள் எழுதக் கொடுத்தார்கள். முதல் முறை திரையில் உன் பெயர் வந்தபோது நான் நிறுத்தி ஃபோனில் படமெடுத்தேன். அந்தப் படத்தில் உன் பெயரும், டிவி கண்ணாடியில் என் நைட்டியும் தெரியும். அதனால் அதை யாருக்கும் அனுப்ப முடியவில்லை.

புரொடியூசர் ஆகிவிட்டேன் என்று நீ சொன்ன நாள்தான் வீட்டில் உண்மையான பீதி. நம்மில் படம் தயாரிப்பவர் என்றால் சொத்தை வைத்துப் பணம் போடுகிறவர். அப்பாவின் சொந்தத்தில் ஒருவர் சினிமா எடுத்து ஈரோட்டில் நூல் மில்லை விற்றிருக்கிறார். அப்பா பிளானோவிலிருந்து எனக்கு அழைத்து, நாங்கள் இருவரும் உன்னை அழைத்து, மூன்று பேரும் ஒரே லைனில். "எவ்ளோ போட்ட? வீட்ட வெச்சியா?" என்றார். நீ ஒரு பைசாவும் போடவில்லை என்று சொல்லச் சொல்ல அவர் நம்பவில்லை. இங்கே பணம் சேனல் கொடுக்கும், நான் அதற்குப் பொறுப்பு, மழை பெய்தால் எந்தக் காட்சியை முதலில் எடுப்பது, நடிகைக்குக் காய்ச்சல் என்றால் என்ன செய்வது, எபிசோட் நீளமானால் எதை வெட்டுவது, எல்லாம் என் முடிவு என்றாய். அப்பா யோசித்தார். "அப்ப சூப்பர்வைசர்." நீ, "ஆமாப்பா," என்றாய். அன்றைக்குத்தான் அவர் நிம்மதியாகத் தூங்கினாராம்.

உன் சொந்தத் தொடரின் முதல் எபிசோடை நான் சாந்தியோடு பார்த்தேன். உனக்கு சாந்தி ஆன்ட்டி. எதிர் பிளாக்கில் இருப்பவள், உனக்கு ஞாயிற்றுக்கிழமைத் தமிழ் வகுப்பு எடுத்தவள், சங்கத்துப் பொங்கல் மலரை வருடா வருடம் தொகுப்பவள். வடக்கு இங்கிலாந்தின் ஒரு கடற்கரை, மழை, விடுமுறைக்கு வருகிறவர்களுக்குக் கேரவன் வண்டி வீடுகளை வாடகைக்கு விடும் ஒரு குடும்பம். கணவனுக்கு வெளியூரில் வேலை. மனைவி அவன் கொண்டுபோவதற்காக உணவு டப்பாக்களை அடுக்குகிறாள். ஒவ்வொரு மூடியிலும் டேப் ஒட்டி, ஓவனில் எத்தனை நிமிடம் வைக்க வேண்டும் என்று எழுதுகிறாள். அவன், டேப் தீர்ந்திடுச்சா என்கிறான். இன்னும் இருக்கு என்கிறாள். அவ்வளவுதான் காட்சி. சாந்தி பெருமூச்சு விட்டு, "புருஷன் மேல எவ்ளோ பிரியம் பாரு இந்த வெள்ளக்காரிக்கு," என்றாள். நான் காப்பி போடுவதுபோல எழுந்து போய்விட்டேன். சமையலறையில் நின்றுகொண்டு, உன் ஹெட்ஃபோனில் அன்று பாட்டே ஓடவில்லை என்பதைப் புரிந்துகொண்டேன்.

எனக்கு வருத்தமாக இருந்ததா என்று பிறகு யோசித்தேன். இல்லை. ஒரு விநோதமான பாதுகாப்பு இருந்தது அதில். என் கை அந்தப் பெண்ணின் கையாக மாறியிருந்தது. ஊர் முழுக்கப் பார்த்தது, ஒருவரும் என்னைப் பார்க்கவில்லை. அதன் பிறகு உன் தொடர்களில் நம் வீட்டைத் தேடுவது எனக்குப் பழக்கமாகிவிட்டது. ஒரு ஸ்காட்டிஷ் போலீஸ்காரர் அப்பாவைப் போல மூக்குக் கண்ணாடியைத் துடைப்பார். ஒரு பாதிரியாரின் மனைவி என்னைப் போல, "எனக்கு ஒண்ணுமில்ல, நீ சாப்டு," என்ற பொருளில் ஆங்கிலத்தில் ஏதோ சொல்வாள். நாம் மூவரும் ஒரே மேசையில் கடைசியாக எப்போது சாப்பிட்டோம் என்று நினைவில்லை. உன் தொடர்களில் சாப்பிட்டுக்கொண்டுதான் இருந்தோம்.

இப்போது நான்காவது எபிசோடுக்கு வருகிறேன். இந்த முறை வேல்ஸ் இல்லை, ஸ்காட்லாந்து இல்லை. கமலா, ராகவன் என்று ஒரு தம்பதி. பிளெய்ன்ஸ்பரோ, நம் தபால் பெட்டிகள், நம் கம்பளம். கணவனுக்கு அறுபது வயது. பிரிந்து வாழும் அந்த இரண்டு பேருக்கும் ஊரே சேர்ந்து அறுபதாம் கல்யாணம் செய்துவைக்கிறது. பிரிந்தது ஊருக்குத் தெரியாது. மேடையில் திரும்பத் தாலி கட்டும் நேரத்தில் கமலா மாலையைக் கழற்றி வீசிவிட்டு, எல்லோர் முன்னாலும் ஆங்கிலத்தில் கத்துகிறாள். ஒருமுறை கல்யாணம் செய்தது போதும் என்கிறாள். நடந்து வெளியே போகிறாள். பனி. முடிவு.

படித்து முடித்துப் பிரதியை மேசையில் வைத்தேன். உனக்குக் குறிப்பு எப்படிக் கொடுக்க வேண்டும் என்று நீயே சொல்லிக்கொடுத்திருக்கிறாய். அதனால் கேள்வியாகவே கேட்கிறேன். உன் கடற்கரைத் தொடரில் அந்தப் பெண் கத்தவில்லை. டேப் இன்னும் இருக்கு என்றாள். கமலா மட்டும் ஏன் கத்துகிறாள்? வெள்ளைக்காரர்களுக்கு நம் வீட்டு மௌனத்தைக் கொடுத்துவிட்டு, நம் ஆட்கள் வரும்போது மட்டும் ஏன் சத்தத்தை வைக்கிறாய்? அங்கே பார்ப்பவர்களுக்குச் சத்தம் போட்டால்தான் நாங்கள் புரிவோமா? அல்லது உனக்கே நாங்கள் அப்படித்தான் புரிந்தோமா?

எங்களுக்கு நடந்த அறுபதாம் கல்யாணத்துக்கு நீ வந்திருந்தாய். லண்டனிலிருந்து வந்து, தூக்கக் கலக்கத்தில், மூன்றாவது வரிசையில் உட்கார்ந்திருந்தாய். ஹாலை புக் பண்ணியது சாந்தி. நான் வேண்டாம் என்று சொல்லிப் பார்த்தேன். எதற்கு வேண்டாம் என்று அவளிடம் சொல்ல என்னிடம் ஒரு வாக்கியம் இருக்கவில்லை. வெளியே பனி. கலசத் தண்ணீர் ஊற்ற, ஹால் கம்பளம் நனையாமலிருக்க, குழந்தைகள் விளையாடும் நீலநிற பிளாஸ்டிக் தொட்டி ஒன்றை வாங்கி வைத்திருந்தார்கள். அதன் அடியில் மீன் படம். அதில் நானும் உன் அப்பாவும் பலகை போட்டு உட்கார்ந்தோம். வந்தவர்கள் ஒவ்வொருவராகச் சொம்பில் ஊற்றினார்கள். உன் அப்பாவுக்கு முடி குறைவு. தண்ணீர் நேராகக் கண்ணாடியில் இறங்கியது. இதையெல்லாம் நீ சரியாக எழுதியிருக்கிறாய், மீன் உட்பட. ஆனால் மூன்றாவது வரிசையில் இருந்து உனக்குக் கேட்காத ஒன்று நடந்தது.

உடை மாற்றிக்கொண்டு வந்து உட்கார்ந்தோம். ஐயர் தாலியை எடுத்துக் கொடுத்தார். ஸ்பீக்கரில் கெட்டிமேளம் ஆரம்பித்துவிட்டது. எல்லோரும் அட்சதையைக் கையில் வைத்துக்கொண்டு எழுந்துவிட்டார்கள். உன் அப்பா தாலியை இரண்டு கையிலும் பிடித்தபடி என் பக்கம் குனிந்தார். கட்டவில்லை. "கட்டட்டுமா?" என்றார்.

ஈரோட்டு மண்டபத்தில் முதல் முறை கட்டியபோது அவர் கேட்கவில்லை. கேட்கும் வழக்கம் நம்மிடம் இல்லை. என் அப்பாவைக் கேட்டார்கள், மாமாவைக் கேட்டார்கள், ஜோசியரைக் கேட்டார்கள். மேளக்காரருக்குக் கை காட்டினார்கள். அவர் கட்டினார். இப்போது எல்லாம் முடிந்த பிறகு, ஊர் பார்க்க, நான் வேண்டாம் என்று சொல்லவே முடியாத இடத்தில், மெல்லக் கேட்கிறார். ஆனால் நான் வேண்டாம் என்று சொல்லியிருந்தால் அவர் கட்டியிருக்க மாட்டார். தாலியைத் தட்டில் வைத்துவிட்டு ஏதாவது சொல்லிச் சமாளித்திருப்பார். அந்த முகம் எனக்குத் தெரியும்.

"கட்டுங்க," என்றேன். "நாலு மணிக்கு உங்களுக்கு ஃப்ளைட்."

அவர் சிரித்தார். நானும். அட்சதை விழுந்தது. அந்த நேரம் எடுத்த படத்தைத்தான் சங்கத்தில் பெரிதாக்கிக் கொடுத்தார்கள். எத்தனை சந்தோஷமான ஜோடி என்று எல்லோரும் சொல்கிறார்களே, அந்தச் சிரிப்பு இந்தப் பேச்சுக்குத்தான். அவர் சாயங்காலமே போனார். நான் ஈரப் புடவையைப் பிழிந்து குளியலறைக் கம்பியில் போட்டேன். அந்த ஒரு கேள்விக்காக நாங்கள் திரும்பச் சேர்ந்துவிடவில்லை. அப்படி எழுதிவிடாதே. கத்த வைப்பதைவிட அது மோசம். ஆனால் அன்றிலிருந்து அவர் மீது எனக்கு ஒரு வழக்கும் இல்லை. உனக்கு என்னிடம் புத்திமதி என்று ஒன்று இருந்தால் அது இதுதான். யாரோடு வாழ்ந்தாலும், எல்லாம் ஏற்கனவே முடிவாகிவிட்டதுபோல இருக்கும் ஓர் இடத்தில் ஒருமுறை நிறுத்திக் கேள். தாமதமானாலும் கேள். கேட்டதால் எங்களுக்குக் கல்யாணம் மீளவில்லை, மரியாதை மீண்டது.

உன் பிரதியைப் பற்றி அப்பாவிடம் நீ பேசவில்லை. அம்மா சரி சொன்னால் பேசலாம் என்றிருப்பாய். நான் அழைத்தேன். அவர் வாக்கிங் போய்க்கொண்டிருந்தார், டோல்வே நெடுஞ்சாலைக் கார்களின் இரைச்சல் கேட்டது. கதையைச் சொன்னேன். எல்லாம் கேட்டுவிட்டு, "என்னைய யாரு நடிக்கிறாங்க?" என்றார். தெரியலீங்க, நல்ல உயரமான ஆளாம் என்றேன். "அது போதும்," என்றார். வேறொரு பெண் விஷயம் இருக்கிறது என்றதும் கொஞ்சம் யோசித்தார். "அத எடுத்தரச் சொல்லு. அதுக்கெல்லாம் எனக்கு எங்க நேரமிருந்துச்சு." பிறகு நான் கேட்டேன், ஊருக்குத் தெரிந்துவிடுமே, உங்களுக்குப் பரவாயில்லையா என்று. அவருக்கு என் கேள்வி புரியவில்லை.

"இங்க எல்லாத்துக்கும் தெரியுமே," என்றார். "வந்த வருசமே வாக்கிங் போறவங்ககிட்டச் சொல்லிட்டனே. நீ இன்னும் சொல்லலியா?"

ஃபோனை வைத்த பிறகும் சோபாவிலேயே இருந்தேன். இத்தனை வருடம் அவருடைய மானத்தையும் சேர்த்து நான் காப்பாற்றிக்கொண்டிருக்கிறேன் என்று நினைத்திருந்தேன். அவர் அதை முதல் வருடமே கீழே வைத்துவிட்டு நடந்து போய்விட்டார். அங்கே யாரும் அவரோடு நடப்பதை நிறுத்தவில்லை. நான் மட்டும் இங்கே இரண்டு பேருடைய சுமையை, ஒவ்வொரு விழாவுக்கும், ஒவ்வொரு விசாரிப்புக்கும், திருத்தித் திருத்திச் சரியான வாக்கியமாக்கித் தூக்கிக்கொண்டிருந்தேன். கோபம் வரவில்லை. கை வலித்தது, அவ்வளவுதான். நிஜமாகவே வலித்தது. முழங்கையிலிருந்து.

நீ என்னிடம் கேட்டது அனுமதி. நான் சரி சொன்னால் என்ன நடக்கும் என்று யோசித்துப் பார்த்தேன். உன் தொடர் வரும். இங்கே எல்லோரும் பார்ப்பார்கள், உன் தொடர் என்றால் பார்க்காமல் இருக்க மாட்டார்கள். தபால் பெட்டியைப் பார்த்ததும் அடையாளம் தெரியும். பிறகு ஒவ்வொருவரும் என்னிடம் வந்து, பாதிக் கேள்வி கேட்பார்கள். நான் மறுபடி ஒரு வாக்கியம் தயாரிக்க வேண்டியிருக்கும். அவனுக்குக் கற்பனை ஜாஸ்தி என்று சொல்வேன். அதுவும் உண்மையாகத்தான் இருக்கும். என் வயதில் இன்னொரு அப்படிப்பட்ட வாக்கியத்துக்கு எனக்குத் தெம்பு இல்லை. வேண்டாம் என்று சொன்னாலோ, நீ எடுத்துவிடுவாய். இதுவரை எழுதியதிலேயே உனக்கு மிக நெருங்கியதை எடுத்துவிட்டு, வேறேதோ வைப்பாய். நன்றாகவும் இருக்கும். நீ தொழில் தெரிந்தவன். ஆனால் என்னை அழைக்கும்போது செவ்வாய்க்கிழமை அழைக்க மாட்டாய்.

அதனால் இந்தக் கடிதத்தை உனக்கு மட்டும் அனுப்பவில்லை. சங்கத்துப் பொங்கல் மலருக்குக் கொடுத்திருக்கிறேன். சனிக்கிழமை விழா வாசலில் எல்லோர் கையிலும் இருக்கும். உன் நடிகர்கள் மேசையைச் சுற்றி உட்காருவதற்கு முன்பே இங்கே படித்து முடித்திருப்பார்கள். ஆகவே நீ வெளியே சொல்வதற்கு என்னிடம் ரகசியம் எதுவும் இல்லை. சரி என்று சொல்லும் அவசியம்கூட இல்லாமல் போய்விட்டது. ஆனாலும் நீ கேட்டதால் சொல்கிறேன். சரி. எழுது. கத்தலை எடு. அந்த இன்னொரு பெண்ணை எடு. தாலியைக் கையில் வைத்துக்கொண்டு ராகவன் என்ன கேட்டான் என்பதை வை. கமலாவின் பதிலை ஆங்கிலத்தில் எப்படி எழுதுவாய் என்பது உன் பாடு.

இதுவரை எழுதி மலருக்கு அனுப்பிவிட்டேன். இந்தக் கடைசிப் பகுதியை உனக்கு மட்டும் பிறகு சேர்க்கிறேன், ஏனென்றால் இன்று காலை சாந்தி அழைத்தாள். மலருக்கு வரும் எதையும் முதலில் படிப்பவள் அவள்தான். படிச்சேன் என்றாள். அவள் வீட்டு டிஷ்வாஷர் ஓடுவது கேட்டது. பெயர் போட வேண்டுமா என்று கேட்டாள். வேண்டாம் என்றேன். போடாவிட்டாலும் எல்லோருக்கும் தெரியும் என்றாள். தெரியட்டும் என்றேன்.

"அந்த ஹாலை நான்தானடி புக் பண்ணேன்," என்றாள். "அந்தத் தொட்டியை நான்தானே போய் வாங்கினேன். மீன் போட்டது வேணாம், ப்ளெயினா இருக்கான்னு ரெண்டு கடை தேடினேன்."

தயாரான வாக்கியம் ஒன்றும் வரவில்லை. தெரியும் சாந்தி என்று மட்டும் சொன்னேன். அவள் மூக்கைச் சிந்தினாள். சனிக்கிழமை அவர் வருகிறாரா என்று கேட்டாள். இல்லை என்றேன். அப்படியானால் எப்படி வருவாய் என்றாள். நானே ஓட்டிக்கொண்டு வந்துவிடுவேன் என்றேன்.

"ஸ்னோன்னு போட்டிருக்கான். தனியா டிரைவ் பண்ணாத. நான் வந்து பிக்கப் பண்றேன்," என்றாள். "வழி முழுக்கப் பேச மாட்டேன், சொல்லிட்டேன். நான் கோவமா இருக்கேன்."

சரி என்றேன். மூன்று மணிக்கு வருகிறாள். இதையும் உன் கதையில் சேர்த்துக்கொள்ளலாம், வேண்டுமானால். ஆனால் முதலில் அவளிடம் கேள்.

அம்மா